கேம் அட்டைக்குள் என்ன இருக்கிறது?

பண்டார் தெங்காரா செம்பனைத் தோட்டங்களுக்கு நடுவே திட்டமிட்டு எழுப்பப்பட்ட ஊர். 1972இல் தொடங்கப்பட்ட கெஜோரா என்ற ஜொகூர் தெங்காரா மேம்பாட்டு வாரியம் காட்டையும் தோட்டத்தையும் வகிர்ந்து உருவாக்கிய நகரங்களில் இதுவும் ஒன்று. மளிகை, மருந்து, பள்ளி எல்லாம் ஊருக்குள் உண்டு. கேம் விற்கும் பெரிய கடை வேண்டுமென்றால் கூலாய்க்கோ ஜொகூர் பாருவுக்கோதான் போக வேண்டும். பள்ளி விடுமுறைக்குப் பிள்ளைக்கு ஒரு நின்டெண்டோ ஸ்விட்ச் வாங்கிக் கொடுத்த பெற்றோருக்கு இங்கே ஒரு கேள்வி உடனே வந்து நிற்கும். அடுத்த கேமை அவ்வளவு தூரம் போய் அட்டையாக வாங்குவதா, வீட்டில் இருந்தபடியே இணையத்தில் இறக்கிக்கொள்வதா?

தூரத்தை மட்டும் பார்த்தால் இணையம்தான் சரி என்று தோன்றும். இப்படிப்பட்ட ஊர்களில் இருப்பவர்களுக்கு அட்டையே நல்லது என்பது என் கருத்து. காரணம் புரிய வேண்டுமானால் அந்தக் கட்டைவிரல் அகல பிளாஸ்டிக் துண்டுக்குள் என்ன இருக்கிறது என்று பார்க்க வேண்டும்.

1989இல் வந்த கேம் பாய் காலத்து அட்டையைத் திறந்தால் பச்சைப் பலகையில் ஒரு கறுப்புச் சில்லு இருக்கும். அதற்கு மாஸ்க் ரோம் என்று பெயர். கேமின் ஒவ்வொரு துளித் தகவலும் அந்தச் சில்லைச் செய்யும்போதே அதன் சுற்றமைப்பாக வார்க்கப்பட்டுவிடும். பிறகு யாராலும் அழிக்கவோ மாற்றவோ முடியாது. கேம் பாயோடு உலகம் முழுக்கப் போன டெட்ரிஸ் அப்படிப்பட்ட 32 கிலோபைட் சில்லில் அடங்கியது. இன்று கைப்பேசியில் எடுக்கும் ஒரே ஒரு படம் அதைப்போல நூறு மடங்கு இடம் பிடிக்கும். விளையாட்டில் எதுவரை வந்தோம் என்பதைக் குறித்துவைக்க மட்டும் எழுதக்கூடிய நினைவகம் ஒன்றும், அது மறந்துபோகாமல் இருக்க ஒரு பொத்தான் பேட்டரியும் அட்டைக்குள்ளேயே வைத்தார்கள். 1990களின் போக்கிமான் அட்டைகளில் அந்தப் பேட்டரி இப்போது ஒவ்வொன்றாகச் செத்துக்கொண்டிருக்கிறது. கேம் அப்படியே இருக்கிறது, சேமித்து வைத்த ஆட்டம் போய்விடுகிறது. பேட்டரியை மாற்றிப் பற்றவைக்கத் தெரிந்தவர்கள் அந்த அட்டைகளை இன்னும் ஓடவைக்கிறார்கள்.

2017 மார்ச் 3ஆம் தேதி வெளிவந்த ஸ்விட்சின் அட்டையிலும் அடிப்படை ஏற்பாடு அதேதான். தைவானின் மேக்ரோனிக்ஸ் நிறுவனம் நின்டெண்டோவுக்கு நெடுங்காலமாக இந்தச் சில்லுகளைச் செய்து தருகிறது. கேம் தொழிற்சாலையிலேயே எழுதப்பட்டுவிடும், நம் கருவி அதை வாசிக்க மட்டும் செய்யும். ஸ்விட்ச் அட்டைகள் 1 ஜிகாபைட்டிலிருந்து 32 ஜிகாபைட் வரை பல அளவுகளில் வந்தன. சிறு பிள்ளைகள் வாயில் போட்டு விழுங்கிவிடாமல் இருக்க அதன்மேல் டெனடோனியம் பென்சோயேட் என்ற, தாங்க முடியாத கசப்புள்ள வேதிப்பொருளைத் தடவியிருக்கிறார்கள். வீட்டில் குழந்தை இருப்பவர்களுக்கு அது உண்மையிலேயே பயனுள்ள ஏற்பாடு.

இறக்கிக்கொள்ளும் கேம் போய் உட்காரும் இடம் வேறு. கருவிக்குள் இருக்கும் நினைவகமும், நாம் செருகும் மைக்ரோ எஸ்டி கார்டும் ஃபிளாஷ் நினைவக வகையைச் சேர்ந்தவை. தோஷிபா நிறுவனத்தில் வேலை செய்த ஃபூஜியோ மசுவோகாவும் அவருடைய குழுவினரும் கண்டறிந்து, 1987இல் உலகத்துக்கு அறிவித்த நேண்ட் ஃபிளாஷ்தான் இது. கண்ணுக்குத் தெரியாத கோடிக்கணக்கான அறைகள் ஒவ்வொன்றிலும் மின்னணுக்களைத் தள்ளி அடைத்துவைப்பார்கள். சுற்றிலும் மின்காப்புச் சுவர் இருப்பதால் மின்சாரத்தை நிறுத்தினாலும் அவை வெளியே வர முடியாது. எவ்வளவு அடைபட்டிருக்கிறது என்று அளந்து பார்த்தே கருவி தகவலைப் படிக்கிறது. இன்றைய சில்லுகளில் ஓர் அறையிலேயே மூன்று பிட் வைக்கிறார்கள். இடம் பற்றாமல் போனபோது அறைகளை மாடி மாடியாக அடுக்கத் தொடங்கினார்கள். 2022இல் மைக்ரான் நிறுவனம் 232 அடுக்குகள் கொண்ட சில்லை உற்பத்திக்குக் கொண்டுவந்தது. ஆனால் அடைத்த மின்னணு ஆண்டுக்கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாகக் கசியும், வெப்பம் கூடினால் வேகமாகக் கசியும். மின்சாரமே காட்டாமல் அலமாரியில் பல ஆண்டுகள் போட்டுவைக்கும் மெமரி கார்டை நம்பக் கூடாது என்பது இதனால்தான்.

அந்த 232 அடுக்குச் சில்லு உருவாகும் இடம் நமக்குத் தூரம் இல்லை. மைக்ரானின் நேண்ட் ஆலைகள் கடற்பாலத்துக்கு அந்தப் பக்கம், சிங்கப்பூரின் உட்லண்ட்ஸ் வட்டாரத்தில் இருக்கின்றன. அதே நிறுவனத்துக்கு ஜொகூரின் மூவாரிலும், பினாங்கிலும் ஆலைகள் உண்டு. சில்லு செய்ய மாசு மருவற்ற நீர் ஏராளமாக வேண்டும், ஒவ்வொரு படிக்கும் நடுவில் சில்லு உருவாகும் தகட்டைக் கழுவியாக வேண்டும். 1962ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி சிங்கப்பூர் ஜொகூர் ஆற்றிலிருந்து ஒரு நாளைக்கு 25 கோடி கேலன் வரை நீர் எடுக்கலாம். அந்த ஆற்றில் உப்புநீர் ஏறாமல் காப்பதற்காக 1990ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின் கீழ் கட்டப்பட்ட லிங்கியு நீர்த்தேக்கம் பண்டார் தெங்காராவுக்கு அருகில்தான் இருக்கிறது. சிங்கப்பூர் வீடுகளில் புழங்கிய நீரைத் திரும்பத் தூய்மையாக்கி, நியூவாட்டர் என்ற பெயரில் 2003 முதல் சில்லு ஆலைகளுக்கு அனுப்புகிறார்கள். பிள்ளை கையில் இருக்கும் மெமரி கார்டைக் கழுவிய நீரில் கொஞ்சம் இந்தப் பக்கத்து மழையாகவும் இருக்கக்கூடும். தொழில்நுட்பம் எங்கோ தொலைவில் நடக்கும் சங்கதி என்று நம் பிள்ளைகள் நினைக்கக் கூடாது என்பதற்காகவே இதைச் சொல்கிறேன்.

இனி வீட்டுக் கணக்கு. முதல் ஸ்விட்சில் உள்நினைவகம் 32 ஜிகாபைட். கருவியின் இயங்குதளம் தன் பங்கை எடுத்துக்கொண்ட பிறகு நமக்கு ஏறக்குறைய 26 மிஞ்சும். செல்டா வரிசையின் 'பிரெத் ஆஃப் த வைல்ட்' 13 ஜிகாபைட்டுக்கு மேல். அதைத் தொடர்ந்து வந்த 'டியர்ஸ் ஆஃப் த கிங்டம்' 16 ஜிகாபைட். இரண்டையும் இறக்கினால் முதல் ஸ்விட்சில் இடம் இல்லை. 2021இல் வந்த ஓஎல்இடி ஸ்விட்ச் இதை 64 ஆக்கியது. 2025 ஜூன் 5இல் வந்த ஸ்விட்ச் 2, 256 ஜிகாபைட் தருகிறது. ஆனால் அதற்கான கேம்களும் பெருத்துவிட்டன. 'சைபர்பங்க் 2077' 64 ஜிகாபைட் அட்டையில் வந்தது.

அட்டையாக வாங்கிய கேம் இந்த இடத்தைக் கிட்டத்தட்டத் தொடுவதில்லை. பிளேஸ்டேஷன் 5இல் வட்டைப் போட்டாலும் முழுக் கேமையும் உள்ளே நகலெடுத்த பிறகுதான் விளையாட முடியும். ஸ்விட்சோ அட்டையிலிருந்தே நேரடியாகப் படித்து ஓட்டும். பிற்பாடு வரும் திருத்தங்களும், ஆடிய ஆட்டத்தின் பதிவும் மட்டும் கருவிக்குள் போகும். பத்து அட்டை வைத்திருக்கும் பிள்ளைக்கு 32 ஜிகாபைட் கருவியே பல ஆண்டுகள் போதும்.

அடுத்தது இணையம். 16 ஜிகாபைட் கேமை விநாடிக்கு 100 மெகாபிட் ஃபைபர் இணைப்பில் இறக்கினால் 22 நிமிடத்தில் முடிந்துவிடும். அதே கேம் 5 மெகாபிட்டில் 7 மணி நேரத்துக்கு மேல் பிடிக்கும். ஃபைபர் வராத வீட்டில் அம்மாவின் கைப்பேசி ஹாட்ஸ்பாட்டை நம்பி இறக்கினால், முன்கட்டணத் திட்டங்களில் ஹாட்ஸ்பாட்டுக்கென்று வைத்திருக்கும் தனி வரம்பு ஒரே கேமோடு தீர்ந்துபோகலாம். கூலாய், செடெனாக் பக்கம் பெரும் தரவு மையங்கள் எழும்பிக்கொண்டிருக்கின்றன. ஆனால் கட்டடம் பக்கத்தில் இருப்பதாலேயே நம் வீட்டு இணைப்பு வேகமாகிவிடாது. வீடுவரை வரும் கம்பியின் திறன்தான் கணக்கு.

இறக்கிய கேமுக்கு நல்ல பக்கமே இல்லை என்று சொல்ல மாட்டேன். உள்நினைவகம் வேகமானது, அதிலிருந்து திறக்கும் கேம் பெரும்பாலும் அட்டையைவிடச் சீக்கிரம் தொடங்கும். அட்டை தொலையும் பயம் இல்லை. சில நல்ல சிறிய கேம்கள் இணையக் கடையில் மட்டுமே கிடைக்கும், தள்ளுபடியில் சில ரிங்கிட்டுக்கே கிடைத்துவிடும். ஆனால் நம் நாட்டில் அந்தக் கடையே நெடுங்காலம் நேர்வழியில் திறந்திருக்கவில்லை. ஸ்விட்ச் வந்து எட்டு ஆண்டுகளுக்கு மேலாக மலேசியாவுக்கென்று நின்டெண்டோ இணையக் கடை இருக்கவில்லை. கணக்கை அமெரிக்காவுக்கோ ஜப்பானுக்கோ ஹாங்காங்குக்கோ சேர்ந்ததாகப் பதிந்து, பரிசு அட்டை வாங்கித்தான் நம்மவர்கள் சமாளித்தார்கள். 2025 இறுதியில்தான் மலேசியாவுக்கான கடை வந்தது. அட்டைக்கு இந்தச் சிக்கல் ஒருபோதும் இல்லை. ஸ்விட்ச் அட்டைகளுக்கு நாட்டுப் பூட்டு கிடையாது. ஜப்பானிலிருந்து உறவினர் வாங்கி வந்தாலும் இங்கே ஓடும், மொழித் தேர்வில் ஆங்கிலம் இருக்கிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

நான் அட்டை பக்கம் சாய்வதற்குப் பெரிய காரணம் பணம். ஒரு புதிய கேம் இருநூறு ரிங்கிட்டைத் தாண்டுவது சாதாரணம். ஒரு தோட்டத் தொழிலாளி வீட்டில் அது சின்னத் தொகை இல்லை. அட்டையை ஆடி முடித்த பிறகு விற்கலாம், இன்னொன்றுக்கு மாற்றலாம். பக்கத்து வீட்டு அண்ணன் தன் அட்டையைத் தம்பிக்குக் கொடுத்துவிட்டு அவனுடையதை வாங்கிக்கொள்ளலாம். முடா, கரோசெல் தளங்களில் பழைய அட்டைகளுக்கு எப்போதும் ஆள் உண்டு. இறக்கிய கேமில் நாம் காசு கொடுத்து வாங்குவது விளையாடும் அனுமதியை மட்டும்தான். 2023 மார்ச் 27ஆம் தேதி நின்டெண்டோ தன் பழைய 3டிஎஸ் கருவிக்கான இணையக் கடையில் விற்பனையை நிறுத்தியது. ஏற்கெனவே வாங்கியவர்கள் திரும்ப இறக்கிக்கொள்ள வழி விட்டிருக்கிறது என்பது உண்மை. ஆனால் அந்தக் கடையில் மட்டுமே இருந்த கேம்களைப் புதிதாக யாரும் வாங்க முடியாது. 3டிஎஸ் அட்டைகளோ இன்றும் கைமாறிக்கொண்டிருக்கின்றன.

ஸ்விட்சில் பலர் கவனிக்காமல் விடுவது ஆட்டப் பதிவு. பழைய கேம் பாய் அட்டையைப் போல ஸ்விட்ச் அட்டை அதைத் தனக்குள் வைத்திருப்பதில்லை. அட்டையைக் கொடுத்தாலும் பதிவு கருவியிலேயே நிற்கும். மெமரி கார்டுக்கும் அதை நகலெடுக்க முடியாது. கருவி உடைந்தால், நூறு மணி நேரம் ஆடிச் சேர்த்ததும் அதோடு போகும். கட்டணம் கட்டும் நின்டெண்டோ ஸ்விட்ச் ஆன்லைன் சேவையில் பதிவு இணையத்திலும் காக்கப்படும், ஆனால் போக்கிமான் போன்ற சில முக்கியமான கேம்களுக்கு அந்த வசதி இல்லை. கருவியை விற்பதற்கு முன், பதிவை வேறு ஸ்விட்சுக்கு நேரடியாக மாற்றும் வழி அமைப்புப் பகுதியில் இருக்கிறது. அதைச் செய்யாமல் அழித்துவிட்டு அழும் பிள்ளைகளைப் பார்த்து எனக்கு மனம் கஷ்டப்பட்டிருக்கிறது.

மெமரி கார்டு வாங்குவோர் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். ஸ்விட்ச் 2க்குச் சாதாரண மைக்ரோ எஸ்டியில் கேம் வைக்க முடியாது. மைக்ரோ எஸ்டி எக்ஸ்பிரஸ் என்ற புதிய வகைதான் வேண்டும், பார்வைக்கு இரண்டும் ஒரே அளவு. பழைய கார்டு விநாடிக்கு ஏறக்குறைய 100 மெகாபைட் வேகத்தில் தகவல் தரும். எக்ஸ்பிரஸ் கார்டு கணினியின் உள்வட்டுகள் பேசும் அதே முறையில் பேசுவதால் அதன் உச்ச வரம்பு 985 மெகாபைட். இணையச் சந்தையில் நம்ப முடியாத மலிவு விலைக்கு வரும் '1 டெராபைட்' கார்டுகளில் பல போலி. உள்ளே 32 ஜிகாபைட் சில்லை வைத்துவிட்டு, 1 டெராபைட் இருப்பதாகக் கருவியிடம் பொய் சொல்லும்படி எழுதியிருப்பார்கள். முதல் 32 நிரம்பும்வரை எல்லாம் நன்றாக இருக்கும். பிறகு எழுதுவது ஏற்கெனவே இருப்பதன்மேல் விழுந்து அழிக்கும். வாங்கிய அன்றே கணினியில் கார்டை முழுவதும் நிரப்பித் திரும்பப் படிக்கச் செய்யும் இலவச மென்பொருளால் சோதித்தால் குட்டு வெளிப்பட்டுவிடும்.

கடைசியாக, அட்டை வாங்கப் போகிறவர்களை நான் எச்சரிக்க வேண்டிய ஒன்று இருக்கிறது. பெரிய சில்லுக்கு விலை அதிகம் என்பதால் சில வெளியீட்டாளர்கள் முதல் ஸ்விட்ச் காலத்திலேயே கேமின் ஒரு பகுதியை மட்டும் அட்டையில் வைத்து மீதியை இறக்கச் சொன்னார்கள். சில பெட்டிகளில் அட்டையே இல்லாமல் ஒரு குறியீட்டுத் தாள் மட்டும் இருந்தது. ஸ்விட்ச் 2இல் 'கேம்-கீ கார்டு' என்ற புது வகை வந்திருக்கிறது. பார்க்க அட்டை மாதிரியே இருக்கும், உள்ளே கேம் இருக்காது. முதல்முறை செருகும்போது முழுக் கேமையும் இணையத்திலிருந்து இறக்க வேண்டும், அது கருவியின் இடத்தையும் பிடிக்கும். பிறகு ஒவ்வொரு முறை ஆடும்போதும் அட்டையும் செருகியிருக்க வேண்டும். விற்கலாம், இரவல் தரலாம் என்ற நன்மை மட்டும் இதில் உண்டு. ஆனால் இணையம் மெதுவாக இருக்கும் ஊர்க்காரர் அட்டையைத் தேடிப் போவதற்கான முதல் காரணமே இதில் அடிபட்டுப் போகிறது. நின்டெண்டோவின் சேவையகம் ஒருநாள் நின்றால் அந்த அட்டையால் புதிதாக எதையும் இறக்க முடியாது.

நல்ல வேளையாக இதைப் பெட்டியின்மேலேயே எழுதச் செய்திருக்கிறார்கள். முன்பக்கத்தின் அடிப்பகுதியில் சாவிப் படத்துடன் ஒரு வெள்ளைப் பட்டை இருந்தால் அது கீ கார்டு. முதல் ஸ்விட்சின் பெட்டிகளிலும் கூடுதலாக இறக்க வேண்டியிருந்தால் அட்டைப்படத்திலேயே குறிப்பு இருக்கும். பின்பக்கத்தில் எவ்வளவு ஜிகாபைட் இடம் வேண்டும் என்று போட்டிருப்பார்கள். ஜொகூர் பாருவில் கடைக்காரரிடம் காசைக் கொடுப்பதற்கு முன் அந்த இரண்டு இடத்தையும் படித்துவிடுங்கள். பழைய அட்டையைப் பெட்டி இல்லாமல் வாங்கினால், விற்பவர் முன்னிலையிலேயே இணையத்தை அணைத்துவிட்டு உங்கள் கருவியில் செருகிப் பாருங்கள். முழு அட்டையாக இருந்தால் கேம் அங்கேயே திறக்கும்.