நெல் குத்தக் கற்றுக்கொள்ள வியட்நாமுக்கு

வியட்நாமின் நடுப்பகுதியில் உள்ள ஹோய் ஆன் நகரத்துக்குப் போகிறவர்களுக்குப் பழைய கடைவீதி, கடற்கரை, தையற்கடைகள் என்ற வழக்கமான பட்டியலோடு இப்போது இன்னொன்றும் கிடைக்கிறது. ஊரை ஒட்டிய வயல்களுக்கு அழைத்துப்போய் எருமை பூட்டி உழவும், நாற்று நடவும், கதிர் அடிக்கவும், பிறகு நெல்லை வீட்டு முற்றத்தில் உமி நீக்கிக் குத்திப் புடைத்து அரிசியாக்கவும் அரைநாளில் சொல்லிக்கொடுக்கிறார்கள். ஹுவே நகரத்துக்கு அருகே, 1776இல் கட்டிய ஓட்டுக்கூரைப் பாலம் நிற்கும் தான் தோவான் கிராமத்தில் உழவுக் கருவிகளுக்கென்றே ஒரு காட்சிக்கூடம் இருக்கிறது. அங்கும் நெல்லை அரிசியாக்குவதைச் செய்து காட்டுகிறார்கள். இவற்றைப் புகைப்படத்துக்கான பொழுதுபோக்கு என்று ஒதுக்குகிறவர்கள் உண்டு. கிராமத்தின் உயிரைத் தொட்டுவிட்டதாகப் பரவசப்படுகிறவர்களும் உண்டு. இரு தரப்பினரும் முக்கியமான ஒன்றைத் தவறவிடுகிறார்கள் என்பது என் எண்ணம். ஒரு நெல்மணி எத்தனை பொருளாகப் பிரிகிறது, அப்படிப் பிரிக்க எவ்வளவு நுட்பம் வேண்டும் என்பதைக் கைவழியாக அறிவதுதான் இங்கே கிடைக்கும் கல்வி. ஆலை வந்தபின் அந்த அறிவு இரும்புக் கூண்டுக்குள் போய் மறைந்துவிட்டது. அதனால் வியட்நாம் போகிறவர் இதைக் கற்பது நல்லது. கற்பதென்றால் கடைசிப் படிவரை கற்க வேண்டும்.

தமிழ் வாசகருக்கு இதில் ஒரு சௌகரியம் உண்டு. ஆங்கிலம் பேசும் பயணிக்கு வயலில் விளைவதும் பானையில் வேகுவதும் ஒரே சொல். நமக்கு நெல் வேறு, அரிசி வேறு, சோறு வேறு. வியட்நாமியருக்கும் அப்படித்தான். வயலில் நிற்கும் பயிர் லூவா, அடித்தெடுத்த நெல் தோக், உமி நீங்கினால் காவ், வெந்தால் கம். நொய்க்குப் பெயர் தம், தவிட்டுக்குக் காம். உமிக்கும் வைக்கோலுக்கும் தனித்தனிச் சொற்கள் இருக்கின்றன. அந்த நாட்டுக் குழந்தைகள் எல்லோரும் கேட்டு வளரும் நாட்டார் கதையில் மாற்றாந்தாயிடம் துன்பப்படும் பெண் தம், அவளுடைய தங்கை காம். அதாவது நொய்யும் தவிடும். மாற்றாந்தாய் நெல்லையும் அரிசியையும் ஒன்றாகக் கொட்டிக் கலந்து, பிரித்து வைத்துவிட்டுத்தான் திருவிழாவுக்கு வர வேண்டும் என்று சொல்லிப் போகிறாள். குருவிகள் வந்து பிரித்துக் கொடுக்கின்றன. எந்த வேலை கடினமானது என்று அந்த மக்களுக்குத் தெரிந்திருந்ததோ, அதுவே கதையில் தண்டனையாக வந்திருக்கிறது.

முற்றத்தில் முதலில் கண்ணில் படுவது உமி நீக்கும் திருகை. கோய் சாய் என்பார்கள். நம் மாவுத் திருகையைப் பல மடங்கு பெரிதாக்கியது போலிருக்கும். ஆனால் கல் கிடையாது. மூங்கில் பிளாச்சுகளால் கூடை போல முடைந்த உருளைக்குள் களிமண்ணை இடித்து இறுக்கி, அதன் முகத்தில் மரச் சில்லுகளை வரிசை வரிசையாகப் பற்கள் போல அடித்து இறக்கியிருப்பார்கள். இப்படி இரண்டு, ஒன்றன்மேல் ஒன்றாக. மேல் பாதியில் நெல்லைக் கொட்டி, கயிற்றில் தொங்கும் நீண்ட கைப்பிடியைத் தள்ளி இழுத்தால் அது சுழலும். இரண்டு முகங்களுக்கும் நடுவே நெல் உரசி உமி கழன்று, அரிசியும் உமியும் கலந்து சுற்றிலும் கொட்டும். கல்லாக இருந்தால் அரிசி நொறுங்கிவிடும். மரமும் மண்ணும் மணிக்கு இடம் கொடுக்கும். இன்றைய ஆலையில் இரண்டு ரப்பர் உருளைகள் வெவ்வேறு வேகத்தில் சுழன்று இதே உரசலைத்தான் தருகின்றன. இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. உமி நீக்குவது ஒரு வேலை, தவிடு நீக்குவது வேறொரு வேலை என்று வியட்நாம் வீடுகள் தனித்தனியாகவே செய்துவந்தன. இடையில் வந்த எங்கல்பர்க் வகை இரும்பு இயந்திரம் இரண்டையும் ஒரே ஓட்டத்தில் செய்யப் போய் நொய்யை அதிகமாக்கியது. நவீன ஆலைகள் மறுபடியும் இரண்டாகப் பிரித்துத்தான் செய்கின்றன. நெல்லின் காய்ச்சலும் பதமாக இருக்க வேண்டும்: ஈரம் மிஞ்சினால் மணி நசுங்கும், வெயில் கூடினால் வெடிக்கும். பொறியாளர்கள் 14 சதவீத ஈரம் என்று கணக்குச் சொல்வார்கள். உழவர்கள் ஒரு மணியைப் பல்லில் வைத்துக் கடித்துச் சொல்வார்கள்.

அடுத்து நியா என்ற வட்டத் தட்டு. நம் முறத்துக்கு முன்பக்கம் திறந்திருக்கும். புடைக்கும்போது உமி அந்த வழியாகப் போய்விடும். நியாவுக்குச் சுற்றிலும் விளிம்பு. ஆகவே முறம் பிடித்துப் பழகிய கையும் இங்கே புதிதாகத்தான் தொடங்க வேண்டும். முன்விளிம்பைச் சற்றே தாழ்த்தி மணிக்கட்டைச் சுண்டினால் அரிசி எழும்பித் தட்டிலேயே விழும். உமி விளிம்பைத் தாண்டிப் பறக்கும். தோளை அசைத்தால் இரண்டும் சேர்ந்து தரைக்குப் போகும். அதன் பிறகு சாங் என்ற மூங்கில் சல்லடை. அதை வட்டமாகச் சுழற்றும்போது அரிசி கண்கள் வழியே கீழே இறங்க, உமி கழலாத நெல் மட்டும் மேலே எழும்பி நடுவில் சிறு குவியலாகச் சேரும். நெல் லேசானது, சொரசொரப்பானது. அரிசி கனமானது, வழவழப்பானது. அந்த வித்தியாசம் போதும். சுழற்றத் தெரிந்த கைக்கு நெல் தானாக ஒதுங்கும். அந்தக் குவியலை அள்ளி மறுபடி திருகையில் போடுவார்கள். சல்லடையில் நழுவியது தட்டில்தானே விழும் என்ற பொருளில் வியட்நாமியரிடம் ஒரு பழமொழி வழங்குகிறது. ஒரு பக்கம் போனது வீட்டுக்குள்ளேயே இருக்கிறது என்பதற்குச் சொல்வார்கள். இந்த இரண்டு கருவிகளையும் கையில் பிடித்தவருக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

பிறகுதான் உரலும் உலக்கையும். சமவெளியில் பெரும்பாலும் காலால் மிதித்து இயக்கும் ஏற்ற உலக்கை. வடக்கு மலைகளில் ஓடைத் தண்ணீர் நிரம்பிச் சாயும்போது தானே தூக்கிப் போடும் நீர் உலக்கை. மத்திய மேட்டுநிலத்தில் நின்றபடி குத்தும் கையுலக்கை. ஹனோய் தேசிய வரலாற்று அருங்காட்சியகத்தில் இருக்கும் ஙோக் லூ வெண்கல முரசு 2,000 ஆண்டுகளுக்கும் மேல் பழமையானது. அதன் முகத்தில் இருவர் எதிரெதிரே நின்று உலக்கை பிடித்துக் குத்தும் உருவங்கள் இருக்கின்றன. குத்தக் குத்தத் தவிடு கழலும்; நுண்ணிய சல்லடையில் தவிட்டையும் நொய்யையும் இறக்கினால் அரிசி மிஞ்சும். எதுவும் வீணாவதில்லை. உமி அடுப்புக்கும் செங்கல் சூளைக்கும் போகிறது. மெக்காங் டெல்டாவில் மாங் தித் பகுதியின் சூளைகள் உமியில் எரிந்தவைதான். தவிடு பன்றிக்கு. நொய் ஏழைகளின் சோறாக இருந்து, சைகோனில் இன்று உணவகங்கள் பெயர்ப்பலகையில் போட்டு விற்கும் கம் தம் ஆகிவிட்டது.

எவ்வளவு நேரம் குத்துவது என்பது சமையலறைத் தீர்மானம் போலத் தோன்றினாலும் அது உயிர் சம்பந்தப்பட்ட விஷயமாக இருந்திருக்கிறது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் சைகோனை ஒட்டிய சோலோனில் நீராவி ஆலைகள் எழுந்து, பளிச்சென்று தீட்டிய அரிசி கப்பல் ஏறியது. அதே காலத்தில் கிழக்காசியத் துறைமுகங்களிலும் சிறைகளிலும் தோட்டங்களிலும் பெரிபெரி நோய் பரவியது. தவிட்டோடு போய்விடும் சத்துதான் காரணம் என்ற உண்மைக்கு வழி திறந்தவர் ஜாவாவில் கோழிகளை வைத்து ஆராய்ந்த எய்க்மன்; 1929இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. மலாயாவில் மருத்துவராக இருந்த பிராடன் 1907இல் வெளியிட்ட நூலில், தீட்டிய பச்சரிசி உண்ட சீனத் தொழிலாளர்களை வாட்டிய நோய், புழுங்கலரிசி உண்ட தமிழர்களைப் பெரும்பாலும் தொடவில்லை என்பதைப் பதிவு செய்திருக்கிறார். நெல்லைப் புழுக்கும்போது தவிட்டின் சத்து அரிசிக்குள் இறங்கிவிடுகிறது. வியட்நாமில் புழுக்கும் வழக்கம் இல்லை. அங்கே சத்தைக் காத்தது உலக்கையின் குறைதான்: முற்றிலும் தீட்ட அதனால் முடியாது, கொஞ்சம் தவிடு ஒட்டிக்கொண்டே இருக்கும். நாம் நெல்லை வேகவைத்து அடைந்ததை அவர்கள் குறைவாகக் குத்தி அடைந்தார்கள்.

இனி மறுப்புகளுக்கு வருவோம். இன்று வியட்நாமில் யார் கையால் நெல் குத்துகிறார்கள், இது வெறும் நாடகம்தானே என்று கேட்கலாம். உண்மைதான். 1988இல் அரசு நிலப் பொறுப்பைக் குடும்பங்களிடம் விட்டது. மறு ஆண்டே பத்து லட்சம் டன்னுக்கு மேல் அரிசி ஏற்றுமதி செய்த நாடு, 2023இல் 80 லட்சம் டன்னைத் தாண்டியது. அறுவடை இயந்திரமும் ஆலையும் இல்லாமல் இது நடந்திருக்காது. ஆனால் அந்த வகுப்பில் நாடகம் என்பது உடுத்தக் கொடுக்கும் பழுப்புச் சட்டையும் கூம்புத் தொப்பியும் மட்டும்தான். நெல் நடிப்பதில்லை. உமி கழன்றதா இல்லையா என்று தட்டைப் பார்த்தால் தெரிந்துவிடும். கைவேலை முற்றாக மறைந்துவிட்டது என்பதும் சரியல்ல. ஹனோயின் வோங், மே த்ரீ பகுதிகளில் இளம் ஒட்டரிசி நெல்மணிகளை வறுத்து, குத்திப் புடைத்து, மறுபடியும் குத்திப் புடைத்து, பச்சை அவலாக்கித் தாமரை இலையில் மடித்து விற்கிறார்கள். உலக்கைக்கு மோட்டார் வந்துவிட்டாலும், எப்போது வறுப்பதை நிறுத்துவது, எத்தனை தடவை குத்துவது என்பதை இன்றும் விரல்தான் சொல்கிறது.

இரண்டாவது மறுப்பு கனமானது. பெண்கள் விடியுமுன் எழுந்து அன்றைய அரிசியைக் குத்திய வேலை இது. இடுப்பும் முழங்காலும் தேய்ந்த வேலை. அதிலிருந்து விடுபட்டவர்களின் முற்றத்தில் போய் நின்று, வசதியுள்ள வெளிநாட்டுக்காரர் அதையே இன்பமாகச் செய்வது முறையா? வேலையின் அழகை மட்டும் பேசினால் முறையல்ல. ஆனால் கால்மணி நேரம் உலக்கையை மிதித்தவருக்கு ஆலை ஏன் வந்தது என்று எந்தப் புத்தகத்தையும் விட நன்றாகப் புரியும். பழைய வாழ்வுக்குத் திரும்ப வேண்டும் என்று அங்கே கற்றுத்தரும் முதியவர்கள் யாரும் கேட்கவில்லை, திரும்பவும் கூடாது. பல தலைமுறைப் பெண்களின் கையில் சேர்ந்த நுட்பத்துக்கு இதுவரை யாரும் கூலியும் தரவில்லை, கல்வி என்ற பெயரும் தரவில்லை. இன்று ஒருவர் அவர்களை ஆசிரியராக ஏற்றுக் கட்டணம் கொடுத்துக் கற்பது அந்தக் கடனில் ஒரு சிறு பகுதி. அந்தப் பணம் ஏற்பாடு செய்யும் கம்பெனியோடு நின்றுவிடாமல் முற்றத்துக்காரருக்குப் போய்ச் சேருகிறதா என்று கேட்பது பயணியின் கடமை.

அரைநாளில் என்ன வந்துவிடும் என்பது கடைசிக் கேள்வி. கை பழகாது, பழக வருஷங்கள் வேண்டும். எது தனக்கு வரவில்லை என்பது தெரிந்துவிடும், அதுவே பெரிய வரவு. அதற்கு ஒரு நிபந்தனை உண்டு. பத்து நிலையங்களில் இரண்டிரண்டு நிமிஷம் நிறுத்திப் படம் எடுக்கவிட்டு நகர்த்தும் வகுப்புகள் வேண்டாம். எருமைச் சவாரியை விட்டுவிடுங்கள். ஒரே ஒரு கிலோ நெல் கேளுங்கள். அதைத் திருகையில் போட்டு, புடைத்து, சலித்து, கழலாததைத் திரும்பப் போட்டு, குத்தி, மறுபடி சலித்து, உமி, தவிடு, நொய், அரிசி என்று நான்கு குவியலாக வையுங்கள். ஒவ்வொன்றுக்கும் அவர்கள் சொல்லும் பெயரைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். நன்றாக நடந்தால் 650 கிராம் போல அரிசி தேறும். அதை அந்த வீட்டு அடுப்பிலேயே வடித்தால் நான்கு பேருக்கு ஒரு வேளைச் சோறு.