கதாநாயகனுக்குப் பக்கத்தில் நின்றவர்

ஒரு படம் பார்த்துவிட்டு வெளியே வருகிறோம். கதாநாயகனைப் பற்றி ஒரு வாரம் பேசுகிறோம். ஆனால், ஒரே காட்சியில் வந்துபோன கிழவரின் முகம் பல ஆண்டுகள் மனத்தில் நிற்கும்; பெயர்தான் தெரியாது. அத்தகையவர்களைத்தான் குணச்சித்திர நடிகர்கள் என்கிறோம். அவர்களுள் ஒருவரான போலந்து நாட்டு ஃபிராஞ்சிஷெக் பியெச்காவைப் பற்றியதே இக்கட்டுரை.

போலந்துக்கும் நமக்கும் என்ன தொடர்பு என்று நீங்கள் கேட்கலாம். காரணம் என் சொந்தக் கதைதான். தமிழ்ப்பள்ளியில் ஆறாம் ஆண்டு வரை படித்து, பிறகு தேசிய இடைநிலைப்பள்ளிக்குச் சென்றவன் நான். என் தமிழ், பால்மரம் வெட்டிய பாட்டியின் தமிழ். பல்கலைக்கழகத்திற்கு வந்த முதலாம் ஆண்டில் ஒரு நாடகத் தேர்வுக்குப் போனேன். “உன் பேச்சில் தோட்டத்து வாடை அதிகம், காவலாளி வேடத்திற்குப் பொருந்தும்” என்றார்கள். மூன்றே வசனம். எல்லாரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். அன்றிரவு விடுதியில் தூக்கம் வரவில்லை. சென்ற ஆண்டு உலகத் திரைப்படங்கள் பற்றிய விருப்பப் பாடத்தில் பியெச்காவைக் கண்டபோது அந்த இரவுதான் நினைவுக்கு வந்தது.

அவர் 1928ஆம் ஆண்டு, போலந்தின் தெற்கே சிலேசியா வட்டாரத்தில் ஒரு சிற்றூரில் பிறந்தவர். தந்தை சுரங்கத் தொழிலாளி. சிலேசியா நிலக்கரி நிறைந்த மண். ஜெர்மனிக்கும் போலந்துக்கும் இடையே கைமாறிய மண். ஆகவே, அம்மக்களின் பேச்சில் ஜெர்மன் சொற்கள் மிகுதி. படித்தவர்கள் அதைக் கொச்சை என்று ஒதுக்கியதுண்டு. பியெச்கா பொறியியல் படிப்பைப் பாதியில் விட்டு, தலைநகர் வார்சாவில் நாடகக் கல்லூரியில் சேர்ந்து 1954இல் தேறினார். அடுத்த ஆண்டு, இரும்பாலைக்காகவே எழுப்பப்பட்ட நோவா ஹூத்தா என்னும் புதிய நகரின் மக்கள் அரங்கில் சேர்ந்து சுமார் ஒன்பது ஆண்டுகள் நடித்தார்.

உயரமான உடல், பெரிய கைகள், குழந்தையின் கண்கள். இந்த முரண்தான் அவருடைய முதலீடு. 1966இல் தொடங்கிய ‘நான்கு கவசவண்டி வீரர்களும் ஒரு நாயும்’ என்ற தொலைக்காட்சித் தொடரில் அவர் குஸ்ட்லிக் என்ற சிலேசிய வீரனாக வந்தார். ஜெர்மன் படையில் கட்டாயமாகச் சேர்க்கப்பட்டு, தப்பிவந்து போலந்துப் படையில் இணையும் பாத்திரம் அது. போர் வரலாற்றை அன்றைய கம்யூனிஸ்ட் அரசின் கண்வழியே காட்டியது என்ற குறை இத்தொடர்மீது உண்டு. ஆயினும் ஒன்றைக் கவனியுங்கள். கதாநாயகன் குஸ்ட்லிக் அல்லன். அவன் பேசியதோ சிலேசிய வழக்கு. கொச்சை என்று ஒதுக்கப்பட்ட அந்தப் பேச்சு, நாடு முழுவதும் வீட்டுக்கு வீடு ஒலித்தது. பிள்ளைகள் அவனை நேசித்தார்கள்.

அப்படியானால் தன் ஊர்ப் பேச்சை மட்டும் வைத்துப் பிழைத்தாரா? இல்லை. 1968இல் வந்த ‘மத்தேயுவின் வாழ்க்கை’ படத்தில், ஏரிக்கரையில் சகோதரியின் உழைப்பில் வாழும், பறவைகளை நேசிக்கும் பிள்ளை மனத்து மனிதரானார். 1975இல் வய்டா இயக்கிய ‘வாக்களிக்கப்பட்ட நிலம்’ படத்தில் ஜெர்மானிய ஆலை முதலாளி. 1983இல் வெளிவந்த ‘ஆஸ்தெரியா’வில், முதல் உலகப் போர் வெடித்த வேளையில் தம் விடுதியில் அகதிகளுக்கு இடமளிக்கும் யூத முதியவர். 2001இல் ‘குவோ வாடிஸ்’ படத்தில் புனித பேதுரு.

நான் வகுப்பில் பார்த்தது கீஸ்லோவ்ஸ்கியின் ‘வடு’. ஆண்டு 1976. ஒரு சிறு நகரில் இரசாயன ஆலை கட்ட அனுப்பப்படும் அதிகாரி வேடம். காடு அழிக்கப்படுகிறது, மக்கள் எதிர்க்கிறார்கள். நல்லது செய்வதாகவே நம்பி வந்தவர், தாம் செய்ததன் விளைவை மெல்ல மெல்ல உணர்கிறார். பியெச்கா அங்கே அதிகம் பேசுவதில்லை. எதிரில் இருப்பவர் பேசுவதைக் கேட்கிறார், அவ்வளவுதான். அந்த முகத்தில் ஒரு மனிதன் உள்ளுக்குள் உடைவதை நாம் பார்க்கிறோம்.

குணச்சித்திர நடிப்பின் இரகசியம் இதுதான் என்று எண்ணுகிறேன். நாயகனுக்காகக் கதை காத்திருக்கும். துணைப் பாத்திரத்திற்கு அந்த வசதி இல்லை. இரண்டு நிமிடத்திற்குள் அவனுக்கு ஓர் ஊரும் ஒரு கடந்த காலமும் இருப்பதை நாம் நம்பியாக வேண்டும். அதை நடை, பேச்சு, மௌனம் ஆகியவற்றால்தான் சொல்ல முடியும். தன் மண்ணின் பேச்சை வெட்கமின்றிக் காதில் வைத்திருப்பவனுக்கே பிறர் மண்ணின் பேச்சும் சரியாகக் கேட்கும்.

முதுமையிலும் அவர் ஓயவில்லை. 2006 முதல் 2016 வரை ஒளிபரப்பான ‘ரஞ்சோ’ தொடரில், கடைவாசல் பெஞ்சில் அமர்ந்து மலிவான மது அருந்தியபடி ஊர் நியாயம் பேசும் நால்வருள் ஒருவராக வந்தார். 2017இல் போலந்தின் மிக உயரிய வெள்ளைக் கழுகு விருது அவருக்கு வழங்கப்பட்டது. 2022 செப்டம்பரில், 94ஆம் வயதில் மறைந்தார். அவருடைய பேச்சு வழக்குக்கு உரிய மதிப்புப் பற்றிய வழக்கு மட்டும் அவரோடு முடியவில்லை. சிலேசிய மொழியை வட்டார மொழியாக அங்கீகரிக்கும் சட்டத்தை 2024இல் நாடாளுமன்றம் நிறைவேற்றியது. அதிபர் கையெழுத்திட மறுத்துவிட்டார்.

நண்பர்களே, இவ்வாண்டும் ஒரு நாடகத் தேர்வுக்குப் போனேன். கிடைத்தது மீண்டும் காவலாளி வேடம்தான். இம்முறை நான்கு வசனம். ஒத்திகைக்கு முன் பாட்டியைத் தொலைபேசியில் அழைத்து, அந்தக் காலத்தில் தோட்டத்துக் காவல்காரர் எப்படிப் பேசுவார் என்று கேட்டேன். பாட்டி அரைமணி நேரம் பேசிக் காட்டினார். அந்த நான்கு வசனங்களை அப்படியே மேடையில் சொன்னேன். அரங்கம் சிரித்தது. ஆனால், இம்முறை அவர்கள் சிரித்தது என்னைப் பார்த்தன்று. அந்தக் காவல்காரரை அடையாளம் கண்டுகொண்ட சிரிப்பு அது.