விஞ்ஞானக் கதைகளை எப்படிப் படிப்பது?



பள்ளி நூலகத்திலிருந்து பிள்ளை ஒரு கதைப் புத்தகம் கொண்டுவருகிறது. அட்டையில் வானத்தில் பறக்கும் கப்பல் ஒன்று இருக்கிறது. “பாடத்தை விட்டுவிட்டு இந்தப் பொய்க்கதை எதற்கு?” என்று பெற்றோர் கேட்கிறார்கள். அது நியாயமான கேள்விதான். விடியுமுன் எழுந்து மரம் சீவியும் செம்பனைக் குலை வெட்டியும் பிள்ளையைப் படிக்க வைப்பவர்கள், அதன் நேரம் வீணாகக்கூடாது என்று நினைப்பது இயல்பு. ஆகவே, விஞ்ஞானக் கதை என்பது என்ன, அதை எழுதியவர்களை எப்படி ஆராய்ந்து படிக்க வேண்டும் என்பதை இன்று நாம் பார்ப்போம்.

மந்திரக் கதையில் கம்பளம் பறக்கும். ஏன் பறக்கிறது என்று நாம் கேட்பதில்லை. விஞ்ஞானக் கதையில் ஒன்று பறந்தால் அதற்கு எழுத்தாளர் ஒரு காரணம் சொல்லியாக வேண்டும். “இப்படி ஒரு கருவி இருந்தால், அதனால் மனிதர் வாழ்வு எப்படி மாறும்?” என்பதே அதன் அடிப்படைக் கேள்வி. 1818-ஆம் ஆண்டு வெளிவந்த மேரி ஷெல்லியின் ‘ஃபிராங்கன்ஸ்டைன்’ என்ற நாவலையே இவ்வகையின் தொடக்கமாகப் பல திறனாய்வாளர்கள் கருதுகிறார்கள். அதன்பின் பிரான்சு நாட்டில் ஜூல்ஸ் வெர்ன், இங்கிலாந்தில் எச்.ஜி.வெல்ஸ் ஆகியோர் இதனை வளர்த்தார்கள். இவர்களுள் வெல்ஸை மட்டும் இன்று எடுத்துக்கொள்வோம். அவருடைய வாழ்க்கை உழைப்பாளி வீட்டு வாழ்க்கை. அது நமக்கு எளிதில் விளங்கும்.

வெல்ஸ் 1866-ஆம் ஆண்டு இங்கிலாந்தில் புரோம்லி என்னும் ஊரில் பிறந்தார். தந்தை பீங்கான் பாத்திரமும் கிரிக்கெட் சாமான்களும் விற்கும் ஒரு சிறு கடை வைத்திருந்தார். கடையில் வருமானம் இல்லை. தாய் 1880-ஆம் ஆண்டு அப்பார்க் என்னும் பெரிய மாளிகையில் வேலையாட்களை மேற்பார்க்கும் பணிக்குச் சென்றார். மகனைச் சவுத்ஸீ என்னும் ஊரில் ஒரு துணிக்கடையில் வேலை பழகச் சேர்த்தார்கள். அங்கு நாளொன்றுக்கு ஏறக்குறைய 13 மணி நேரம் வேலை. இரவில் மற்றப் பையன்களோடு ஒரே கூடத்தில் படுக்கை. புத்தகம் படிக்க நேரமில்லை. இனித் தாங்காது என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை அவர் பசியோடு சுமார் 17 மைல் நடந்து, அப்பார்க் மாளிகையில் இருந்த தாயிடம் போய்ச் சொன்னார். தாய் பணம் கட்டிச் சேர்த்த வேலை அது. இருந்தும் பையன் பிடிவாதமாக நின்றான். 1883-ஆம் ஆண்டு ஒரு பள்ளியில் மாணவ ஆசிரியராகச் சேர்ந்தான். அடுத்த ஆண்டே உபகாரச் சம்பளம் பெற்று இலண்டனில் உயிரியல் கற்கப் போனான். அங்கு அவருக்குப் பாடம் சொன்னவர், டார்வினின் பரிணாமக் கொள்கைக்காக வாதாடிய புகழ்பெற்ற பேராசிரியர் ஹக்ஸ்லி.

இப்போது அவருடைய முதல் நாவலைப் பார்ப்போம். ‘கால யந்திரம்’ 1895-ஆம் ஆண்டு வெளிவந்தது. ஒருவர் யந்திரம் ஒன்றில் ஏறி, கி.பி. 802,701-ஆம் ஆண்டுக்குப் போகிறார். அங்கே பூமியின் மேல் சிறிய, அழகிய மனிதர்கள் பழம் தின்று விளையாடிக்கொண்டிருக்கிறார்கள். அவர்கள் எந்த வேலையும் செய்வதில்லை. ‘எல்லோரும் சமமாகிச் சுகமாக வாழும் காலம் வந்துவிட்டது போலும்’ என்று பயணி நினைக்கிறார். பிறகு கிணறு போன்ற துளைகளைக் காண்கிறார். உள்ளேயிருந்து யந்திர ஓசை கேட்கிறது. பூமிக்கு அடியில் வேறொரு கூட்டம் இருட்டில் வாழ்ந்து, யந்திரங்களை ஓட்டிக்கொண்டிருக்கிறது. முதலாளி வர்க்கமும் தொழிலாளி வர்க்கமும் பல்லாயிரம் ஆண்டுகள் பிரிந்தே வாழ்ந்ததால் இரண்டு வேறு இனங்களாகவே மாறிவிட்டன என்று பயணி தம் கருத்தைத் திருத்திக்கொள்கிறார். கடைசியில் இன்னொரு பயங்கரமும் தெரிகிறது. கீழே உள்ளவர்கள் மேலே உள்ளவர்களை இரவில் பிடித்துத் தின்கிறார்கள்.

இதில் நாம் கவனிக்க வேண்டியவை இரண்டு. முதலாவது, பயணி ஓர் ஊகம் செய்கிறார். புதிய சான்று கிடைத்ததும் அந்த ஊகத்தை விட்டுவிடுகிறார். விஞ்ஞானி சிந்திக்கும் முறையும் இதுவே. இரண்டாவது, இந்தக் கற்பனை எங்கிருந்து வந்தது என்பது. அப்பார்க் மாளிகையில் வேலையாட்கள் போய்வர நிலத்தடிப் பாதைகள் உண்டு. மேலே பெரிய வீட்டார் இருப்பார்கள். கீழே அவர்களுக்குச் சமைப்பவர்களும் சுமப்பவர்களும் நடப்பார்கள். சிறு வயதில் வெல்ஸ் இதைக் கண்டிருக்கிறார். இந்த வாழ்க்கை அனுபவத்தையும், ஹக்ஸ்லியிடம் கற்ற பரிணாமப் பாடத்தையும் இணைத்தே திறனாய்வாளர்கள் இந்நாவலை விளக்குகிறார்கள். பெரிய வீடும் லயத்து வீடும் அருகருகே இருந்த தோட்ட வாழ்வை அறிந்த நமக்கு இது நன்றாகப் புரியும்.

அடுத்தது 1898-ஆம் ஆண்டு வெளிவந்த ‘உலகங்களின் போர்’. செவ்வாய்க் கிரகத்து உயிர்கள் இங்கிலாந்தில் வந்து இறங்கி, வெப்பக் கதிரால் ஊர்களை அழிக்கின்றன. பீரங்கிகளால் அவற்றை வெல்ல முடியவில்லை. இறுதியில் கண்ணுக்குத் தெரியாத நோய்க்கிருமிகள் அவற்றைக் கொல்கின்றன. பூமியின் கிருமிகளை எதிர்க்கும் சக்தி அவற்றுக்கு இல்லை. காசநோய்க் கிருமியைக் கோக் கண்டறிந்தது 1882-ஆம் ஆண்டில்தான். ஆகவே அன்றைய புத்தம் புதிய அறிவைக் கொண்டு வெல்ஸ் கதையை முடித்திருக்கிறார்.

ஆனால் இக்கதையின் உயிர் அதன் முதல் அத்தியாயத்திலேயே இருக்கிறது. செவ்வாய் வாசிகளைக் கொடியவர்கள் என்று சொல்லுமுன், ஐரோப்பியர் டாஸ்மேனியத் தீவின் பூர்வகுடிகளுக்குச் செய்த கொடுமையை எண்ணிப் பாருங்கள் என்று வெல்ஸ் தம் நாட்டாருக்கு நினைவூட்டுகிறார். உலகின் பெரும்பகுதியைப் பிடித்து ஆண்டவர்களை, ஒரு கதைக்குள்ளாவது பிடிக்கப்பட்டவர்களின் இடத்தில் அவர் நிறுத்தினார். தெரிந்த உலகத்தைத் தெரியாத கோலத்தில் காட்டி, அதைப் பற்றிச் சிந்திக்கச் செய்வதே விஞ்ஞானக் கதையின் இலக்கணம் என்று டார்கோ சுவின் என்ற திறனாய்வாளர் 1979-ஆம் ஆண்டில் வெளிவந்த தமது நூலில் விளக்கினார். அந்த இலக்கணத்துக்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைப்பது அரிது.

வானொலி நேயர்களாகிய நாம் அறிய வேண்டிய செய்தி ஒன்றும் உண்டு. 1938-ஆம் ஆண்டு அக்டோபர் 30-ஆம் நாள் அமெரிக்க வானொலியில் ஆர்சன் வெல்ஸ் என்ற கலைஞர் இக்கதையைச் செய்தி அறிவிப்பு வடிவில் நாடகமாக ஒலிபரப்பினார். சிலர் அதை உண்மையென்று நம்பி அஞ்சினார்கள். நாடே அலறி ஓடியது என்று மறுநாள் பத்திரிகைகள் எழுதின. அது பெரிதும் மிகைப்படுத்தப்பட்ட செய்தி என்று பிற்கால ஆய்வாளர்கள் காட்டியிருக்கிறார்கள். ஆகவே கேட்பதை மட்டுமல்ல, கேட்டதைப் பற்றி எழுதப்படுவதையும் நாம் சோதித்துப் பார்க்க வேண்டும்.

விஞ்ஞானக் கதை விஞ்ஞானியையும் தூண்டியதுண்டு. வெல்ஸ் 1914-ஆம் ஆண்டு வெளியிட்ட ஒரு நாவலில் ‘அணுகுண்டு’ வருகிறது. ஹங்கேரியில் பிறந்த இயற்பியலறிஞர் லியோ சிலார்டு அந்நாவலை 1932-ஆம் ஆண்டு படித்தார். அணுவின் தொடர்வினை பற்றிய எண்ணம் அவருக்கு அடுத்த ஆண்டில் உதித்தது. 1945-ஆம் ஆண்டு ஹிரோஷிமாவில் உண்மையான குண்டு விழுந்தது. அதற்கு அடுத்த ஆண்டு வெல்ஸ் காலமானார்.

இவ்வளவு சொன்னபின், வெல்ஸை நாம் கைகூப்பி வணங்கிவிட்டுப் போய்விடலாமா? கூடாது. டாஸ்மேனிய மக்களுக்காக வருந்திய அதே வெல்ஸ், மூன்றே ஆண்டுகள் கழித்து 1901-இல், வருங்காலத்தைக் கணிக்கும் ஒரு கட்டுரை நூலை வெளியிட்டார். புதிய உலகத்தின் திறமைத் தேவைக்கு ஈடுகொடுக்காத கறுப்பு, பழுப்பு, மஞ்சள் நிற மக்கள் மறைந்துபோக வேண்டியதுதான் என்ற பொருள்பட அதில் எழுதினார். அந்தக் கணக்கில் நம் பாட்டன் பூட்டன்மாரும் அடங்குவார்கள். 1905-ஆம் ஆண்டு எழுதிய வேறொரு நூலில் அவர் இன வெறுப்பைக் கண்டித்தார். 1940-இல் மனித உரிமைகளை வலியுறுத்தி ஒரு நூலே எழுதினார். ஆனால் முன்பு எழுதியதும் அச்சில் இருக்கிறது. டாஸ்மேனியர் முற்றாக அழிந்துவிட்டார்கள் என்று அவர் நினைத்ததும் சரியல்ல. அவர்களுடைய வழித்தோன்றல்கள் இன்றும் வாழ்கிறார்கள்.

திறனாய்வு என்பது இதுதான். புகழ்வதற்கும் தூற்றுவதற்கும் அவசரப்படாமல், ஓர் எழுத்தாளர் எழுதியதை எல்லாம் எதிரே வைத்துக்கொண்டு எடைபோடுவது. பெரிய அறிவாளி சொன்னார் என்பதற்காக ஒரு கருத்து சரியாகிவிடாது. ஓரிடத்தில் தவறினார் என்பதற்காக அவர் கண்ட உண்மை பொய்யாகிவிடவும் செய்யாது. வள்ளுவப் பெருந்தகை சொன்ன மெய்ப்பொருள் காணும் அறிவு கதைப் புத்தகத்துக்கும் வேண்டும்.

பெற்றோர்களே, இதற்கு நீங்கள் அந்தப் புத்தகத்தைப் படித்திருக்க வேண்டியதில்லை. பிள்ளையைக் கதை சொல்லச் சொல்லுங்கள். பிறகு நான்கு கேள்விகள் கேளுங்கள். இந்தக் கதையில் இல்லாத புதிதாக எதை எழுத்தாளர் உண்டாக்கியிருக்கிறார்? அதற்கு அவர் சொல்லும் காரணம் நீ படித்த விஞ்ஞானத்தோடு ஒத்துப்போகிறதா? அந்தப் புதுமையால் யாருக்கு இலாபம், யாருக்கு நட்டம்? கதையில் வேலை செய்கிறவர்கள் எங்கே இருக்கிறார்கள், அவர்களுக்குப் பேச வாய்ப்புக் கொடுத்திருக்கிறாரா?

இந்த நான்காவது கேள்வியைப் பிள்ளை புத்தகத்தோடு நிறுத்திக்கொள்ளாது. தோட்டத்துக்குப் புதிய யந்திரம் வரும்போதும், வேலை ஆட்கள் குறைக்கப்படும்போதும், நிலம் கைமாறும்போதும் கேட்கும். அப்படிக் கேட்கத் தெரிந்த பிள்ளையை எளிதில் ஏமாற்ற முடியாது.

தமிழிலும் நல்ல விஞ்ஞானக் கதைகள் உண்டு. பொறியியலாளரான எழுத்தாளர் சுஜாதாவின் ‘என் இனிய இயந்திரா’ அவற்றுள் ஒன்று. ஜீனோ என்ற யந்திர நாய் அதில் பிள்ளைகளுக்குப் பிடிக்கும். மக்களின் வாழ்வை முழுக்கக் கட்டுப்படுத்தும் அரசு எப்படிப்பட்டது என்ற கேள்வி பெரியவர்களுக்கும் பிடிக்கும். இந்த வாரம் பிள்ளை அத்தகைய புத்தகம் ஒன்றைக் கொண்டுவந்தால், வேலை முடிந்து சாப்பிட்டபின் அரை மணி நேரம் ஒதுக்கி, அதைச் சத்தமாகப் படிக்கச் சொல்லி வீட்டார் எல்லோரும் கேளுங்கள்.