முதற்குரல்: டி. பி. ராஜலட்சுமி

திரையில் ஒரு நடிகை பேசுவது இன்று நமக்கு வியப்பாகத் தோன்றுவதில்லை. ஆனால் திரையில் தமிழ் முதன்முதல் ஒலித்தபோது, அக்குரலுக்கு உரியவர் ஒரு பெண்மணி. அவரே திருவையாற்றில் 1911ஆம் ஆண்டு பிறந்த டி. பி. ராஜலட்சுமி.

அக்காலச் சூழ்நிலையை முதலில் உணர்தல் வேண்டும். நாடக மேடையில் பெண் வேடத்தையும் பெரும்பாலும் ஆண்களே தாங்கினர். நடிக்க வந்த பெண்ணை உலகம் மதிக்கவில்லை. ராஜலட்சுமிக்கோ இளமையிலேயே மணம் நடந்தது, அம்மணவாழ்வு நிலைக்கவில்லை. துயரத்தில் முடங்கிவிடாமல் அவர் நாடகக் குழுவிற் சேர்ந்தார். பின்னர் ஊமைப் படங்களிலும் நடித்தார்.

1931ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் பம்பாய் இம்பீரியல் கம்பெனியார் 'ஆலம் ஆரா' என்னும் இந்திப் பேசும் படத்தை வெளியிட்டனர். அதே நிறுவனத்தில் எச். எம். ரெட்டி 'காளிதாஸ்' படத்தை உருவாக்கினார். சென்னையில் அது 1931 அக்டோபர் 31 அன்று திரையிடப்பட்டது. கதாநாயகி ராஜலட்சுமி தமிழிற் பேச, உடன் நடித்தோர் சிலர் தெலுங்கிற் பேசினர்! தமிழகத்தில் பேசும் படம் எடுக்கும் கூடங்கள் அப்போது தோன்றவில்லை. ஆதலால் நம் மொழியின் முதற்படம் பிறர் மனையிற் பிறந்த குழந்தையாயிற்று. 1933இல் வெளிவந்த 'வள்ளி திருமணம்' படத்தின் பொருட்டு அவர் கல்கத்தாவுக்கே செல்ல நேர்ந்தது.

பிறர் எழுதிய வசனத்தைப் பேசுவதோடு அவர் நின்றாரல்லர். தாம் எழுதிய நாவலையே கதையாகக் கொண்டு, 1936இல் 'மிஸ் கமலா' என்னும் படத்தைத் தயாரித்து, இயக்கி, அதில் நடித்தார். தென்னாட்டின் முதற்பெண் டைரக்டர் என்னும் பெருமை அவரையே சாரும். பிரான்சு நாட்டில் ஆலிஸ் கீ என்னும் நங்கை 1896ஆம் ஆண்டிலேயே படம் இயக்கத் தொடங்கினார். வட இந்தியாவில் 1926இல் பாத்மா பேகம் இயக்கினார். அவ்வரிசையில் வைத்து எண்ணத்தக்கவர் நம் திருவையாற்றுப் பெண்மணி. அவர் 1964இல் மறைந்தார்.

ஆனால் ஒரு செய்தி நெஞ்சை வருத்துகிறது. 'காளிதாஸ்' படத்தின் பிரதி இன்று கிடைப்பதில்லை. எங்கள் ஆலங்காயத்தை அடுத்த காவலூர் வானாய்வகத்துத் தொலைநோக்கியில், பல்லாண்டுகளுக்குமுன் விண்மீனை விட்டுப் புறப்பட்ட ஒளியை இன்று காண்கிறோம். 1931இல் ஒலித்த குரலோ நம் செவிக்கு எட்டவில்லை! காரணம் என்ன? அக்காலப் படச்சுருள் எளிதில் தீப்பற்றுவது. வெப்பத்திலும் ஈரத்திலும் தானே சிதைவது. அதனினும் பெரிய காரணம், ஓடி முடிந்த படத்தைப் போற்றிக் காக்கவேண்டும் என்னும் எண்ணம் நம்மிடம் இல்லாமையே.

ஏட்டுச்சுவடிகளைத் தேடித் தமிழைக் காத்த உ. வே. சாமிநாதையரைப் போற்றுகிறோம். அத்தேடல் சுவடியோடு முடிந்துவிடவில்லை. உங்கள் இல்லத்துப் பரணிற் கிடக்கும் பழைய பாட்டுப் புத்தகமும் நாடக நோட்டீசும் குப்பையல்ல. ஒரு காலத்தின் சான்றுகள். அவற்றை எறியுமுன் ஒருமுறை பிரித்துப் பாருங்கள். இழந்த குரலை மீட்க இயலாமற் போகலாம். எஞ்சியதைக் காப்பது நம் கையில் இருக்கிறதன்றோ?