சூடோ இல்லாத காலம்

ஞாயிற்றுக்கிழமை மாலை சிங்கப்பூரின் சிராங்கூன் சாலைப் பக்கம் காப்பிக் கடைகளில் மடிக்கணினியோடு உட்கார்ந்திருக்கும் இளைஞர்களில் சிலராவது சாங்கி பிஸினஸ் பார்க்கில் வேலை செய்பவர்களாக இருப்பார்கள். வங்கிகளின் கணினிப் பிரிவுகள் அங்கே குவிந்து கிடப்பதால் அந்த இடத்துக்குச் ‘சென்னை பிஸினஸ் பார்க்’ என்று ஒரு பட்டப்பெயர் உண்டு. அதில் கொஞ்சம் கேலி, கொஞ்சம் எரிச்சல். அந்த மேசைகளில் அடிக்கடி காதில் விழும் உரையாடல் இது:

“அண்ணே, பில்டு ஓடமாட்டேங்குது. பெர்மிஷன் டினைட்னு வருது.”

“சூடோ போட்டுப் பாரு தம்பி.”

போட்டதும் ஓடிவிடும். அடுத்த வாரம் அதே தம்பி அதே கேள்வியோடு வருவார், அண்ணனும் அதே பதிலைச் சொல்வார். முப்பது ஆண்டுகளுக்கு முன்பு இதே ஊரில் இந்தப் பதிலைச் சொல்லியிருக்கவே முடியாது.

1991இல் சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் டெக்நெட் தொடங்கியபோது இணையம் என்பது ஆய்வாளர்கள், ஆசிரியர்கள், மாணவர்கள் வட்டத்துக்குள் இருந்த விஷயம். 1994இல் சிங்நெட் வந்த பிறகுதான் அது வீடுகளுக்குள் நுழைந்தது. அந்த நாள் பல்கலைக்கழக யூனிக்ஸ் கணினி எந்தப் பயனருக்கும் சொந்தமில்லை. ஒரே இயந்திரத்தில் எத்தனையோ பேருக்குக் கணக்கு இருக்கும், வட்டில் ஆளுக்கு இவ்வளவு என்று இடம் ஒதுக்கியிருப்பார்கள். எல்லா உரிமையும் கொண்ட ‘ரூட்’ கணக்கின் கடவுச்சொல் கணினி மையத்தில் ஓரிருவரிடம் மட்டுமே இருக்கும். ரூட் உரிமையோடு ஒரு கட்டளையை ஓட்ட உதவும் சூடோ 1980 வாக்கிலேயே அமெரிக்காவின் பஃபலோ பல்கலைக்கழகத்தில் எழுதப்பட்டுவிட்டது. ஆனால் ஒரு சாதாரண மாணவருக்கு அதை யார் கொடுப்பார்கள்?

ஆகவே ஒரு மென்பொருளை மூலநிரலிலிருந்து கட்ட வேண்டுமென்றால் ஒரே வழிதான் இருந்தது. நிரலை வீட்டு அடைவில் இறக்கி, ‘கான்ஃபிகர்’ ஸ்கிரிப்டை ஓட்டும்போதே ‘பிரிஃபிக்ஸ்’ என்ற இடத்தில் சொந்த அடைவின் பெயரைக் கொடுத்துவிட வேண்டும். பிறகு ‘மேக்’, அதன் பிறகு ‘மேக் இன்ஸ்டால்’. ஸ்டூவர்ட் ஃபெல்ட்மன் 1976இல் பெல் ஆய்வுக்கூடத்தில் எழுதிய அதே மேக்தான். கட்டி முடித்த நிரல் கணினியின் பொது அடைவுக்குப் போகாமல் நம் வீட்டு அடைவின் ‘பின்’னுக்குள் போய் உட்காரும். ‘பாத்’ மாறியில் அந்த இடத்தைச் சேர்த்துவிட்டால் வேலை முடிந்தது. பிரிஃபிக்ஸ் கொடுக்க மறந்தால் மேக் இன்ஸ்டால் பாதியில் முட்டிக்கொண்டு நிற்கும். அப்போது யாரும் குறுக்கு வழி தேட மாட்டார்கள், தேடினாலும் கிடைக்காது.

கோப்புக்கு 777 என்ற உரிமை எண் போடுவதற்கும் அன்று ஒரு தயக்கம் இருந்தது. யார் வேண்டுமானாலும் படிக்கலாம், எழுதலாம், ஓட்டலாம் என்று திறந்துவிட்டால் அந்த ‘யார்’ என்பவர் அதே ஆய்வகத்தில் பக்கத்து நாற்காலியில் இருந்தார். ஒப்படைக்க வேண்டிய பாடத்தை அவர் எடுத்துப் பார்க்கலாம், விளையாட்டுக்கு இரண்டு வரி மாற்றியும் வைக்கலாம். இன்று சொந்த மடிக்கணினியில் 777 போடுகிறவருக்குப் பக்கத்து நாற்காலியில் ஆளில்லை. அதே பழக்கத்தோடு சேவையகத்துக்குப் போகும்போதுதான் வம்பு. அங்கே பக்கத்து நாற்காலியில் இருப்பது இணையத்தைப் பார்த்துத் திறந்திருக்கும் ஏதோ ஒரு நிரல்.

நடுவில் பூட்டே இல்லாத ஒரு காலமும் வந்து போனது. ரோச்சோர் கால்வாய்ச் சாலையில் சிம் லிம் ஸ்குவேரில் உதிரிபாகம் வாங்கிக் கோத்த கணினியில் விண்டோஸ் 95 ஓடிய காலம். அதன் கோப்பு முறையில் உடைமையாளர் என்ற எண்ணமே கிடையாது. எந்த நிரலும் எந்தக் கோப்பையும் அழிக்கலாம். பெர்மிஷன் பிழை வராது, அதனால் வைரஸுக்கும் தடை இருக்காது.

தமிழ் கணினிக்குள் காலூன்றியதும் ஏறக்குறைய அந்த நாட்களில்தான், அதில் சிங்கப்பூருக்குப் பெரிய பங்கு உண்டு. 1995 அக்டோபரில் அப்போதைய அதிபர் ஓங் தெங் சியோங் தொடங்கி வைத்த சிங்கப்பூர்க் கவிதைத் தளத்தில் தமிழ்க் கவிதைகள் தமிழ் எழுத்திலேயே ஏறின. அதற்குப் பின்னால் இருந்தவர் எழுத்தாளரும் தேசியக் கல்விக் கழக விரிவுரையாளருமான நா. கோவிந்தசாமி. தேசியப் பல்கலைக்கழகத்தின் டான் டின் வீ குழுவோடு சேர்ந்து அவர் செய்த வேலை அது. 1997 மே மாதம் அவர் முன்னின்று நடத்திய தமிழ்நெட் மாநாடும் இங்கேதான் நடந்தது. 1999இல் அவர் காலமானார்.

அன்று வலையில் தமிழ் படிக்க எழுத்துருவைத் தரவிறக்கி நிறுவ வேண்டும். விண்டோஸ் 95இல் அடைவுக்குள் நகலெடுத்துப் போட்டால் போதும். சில ஆண்டுகளில் அலுவலகங்கள் விண்டோஸ் என்டி, 2000, எக்ஸ்பி என்று மாறியபோது எழுத்துரு அடைவுக்கும் பூட்டு வந்தது. நிர்வாகி உரிமை இல்லாதவர் அலுவலகக் கணினியில் தமிழ் எழுத்துரு போட முடியாது. யூனிகோடும் விண்டோஸோடு கூடவே வந்த லதா எழுத்துருவும் அந்தச் சிக்கலைத் தணித்தன. பயனர் தன் கணக்குக்கு மட்டும் எழுத்துரு நிறுவிக்கொள்ளும் வசதியை விண்டோஸ் 10இன் 2018 பதிப்பில்தான் கொடுத்தார்கள். பொது அடைவைத் தொடாமல் தன் இடத்தில் வைத்துக்கொள்வது யூனிக்ஸ் மாணவர் பிரிஃபிக்ஸ் கொடுத்துச் செய்ததுதான். அது விண்டோஸ் எழுத்துருவுக்கு வந்து சேர அவ்வளவு காலம் ஆகியிருக்கிறது.

இனி இன்றைக்கு வருவோம். இப்போது கணினி நம்முடையது, ரூட் கடவுச்சொல்லும் நம் கையில். ஆனாலும் பெர்மிஷன் பிழைகள் குறைந்தபாடில்லை. காரணம், ஒரு பில்டை இன்று ஒருவர் ஓட்டுவதில்லை. மடிக்கணினியில் நீங்கள் ஒரு பயனர், டாக்கர் கொள்கலனுக்குள் இன்னொருவர், அது பெரும்பாலும் ரூட். நிரலைக் களஞ்சியத்துக்குத் தள்ளியதும் மேகத்தில் எழுந்து அதைக் கட்டும் ரன்னர் மூன்றாமவர். ஒரே கோப்பு இந்த மூன்று பேர் கையிலும் புழங்குகிறது.

அதிகம் பேர் மாட்டிக்கொள்ளும் இடம் இது. விண்டோஸ் மடிக்கணினியில் ஒரு ஜாவா திட்டம். அதோடு வரும், பில்டைத் தொடங்கும் ‘கிரேடில்டபிள்யூ’ ஸ்கிரிப்டைச் சேர்த்து கமிட் செய்து தள்ளியாகிவிட்டது. லினக்ஸ் ரன்னர் அதை எடுத்து ஓட்டப் பார்த்து ‘பெர்மிஷன் டினைட்’ என்று சொல்லி 126 என்ற எண்ணோடு வெளியேறுகிறது. அந்த எண்ணே பாதிப் பதில். 127 என்றால் கட்டளையே கிடைக்கவில்லை என்று பொருள். 126 என்றால் கோப்பு இருக்கிறது, ஆனால் ஓட்ட முடியவில்லை. கோப்பின் உரிமை வரிசையைப் பார்த்தால் படிக்க ஆர் இருக்கும், எழுத டபிள்யூ இருக்கும், எக்ஸ் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் கோடு இருக்கும். விண்டோஸில் யூனிக்ஸ் பாணி எக்ஸ் உரிமைத் துண்டு கிடையாது. கிட் மென்பொருள் சாதாரணக் கோப்பு ஒவ்வொன்றுக்கும் 644 (எக்ஸ் இல்லாதது) அல்லது 755 (எக்ஸ் உள்ளது) என்ற இரண்டில் ஒன்றைத்தான் பதிந்து வைக்கும். விண்டோஸிலிருந்து புதிதாகச் சேர்த்த கோப்பு 644 ஆகப் பதிவாகிவிடுகிறது.

இதற்கு ரன்னரில் ஒவ்வொரு முறையும் எக்ஸ் உரிமையைச் சேர்க்கும் ‘சிஎச்மோட் பிளஸ் எக்ஸ்’ என்று ஒரு வரி சேர்ப்பவர்கள்தான் அதிகம். ஓடும், தப்பில்லை. ஆனால் நோய் களஞ்சியத்தில் இருக்கும்போது மருந்தை ரன்னருக்குக் கொடுப்பது என்ன நியாயம்? கிட்டின் ‘அப்டேட்-இண்டெக்ஸ்’ கட்டளைக்கு ‘சிஎச்மோட் பிளஸ் எக்ஸ்’ என்ற விருப்பத்தைக் கொடுத்து ஒரே ஒரு கமிட் செய்துவிட்டால், அந்தக் களஞ்சியத்தை யார் எங்கே எடுத்தாலும் எக்ஸ் கூடவே வரும். சிஎச்மோட் இன்று நேற்று வந்ததல்ல. 1971 நவம்பரில் வெளியான யூனிக்ஸின் முதல் கையேட்டிலேயே அது இருக்கிறது.

எக்ஸ் போட்டும் மறுத்தால் கோப்பை விட்டுவிட்டு அது கிடக்கும் இடத்தைப் பார்க்க வேண்டும். கட்டுப்பாடு மிகுந்த சேவையகங்களில் தற்காலிகக் கோப்புகளுக்கான ‘டெம்ப்’ பகுதியை ‘நோஎக்ஸெக்’ என்று ஏற்றி வைத்திருப்பார்கள். அங்கிருந்து எதையும் நேரடியாக ஓட்ட முடியாது, ரூட் ஆக இருந்தாலும்தான். ஜாவா பில்டு தனக்கு வேண்டிய சிறு நூலகக் கோப்பை டெம்ப் அடைவில் அவிழ்த்துப் போட்டு ஏற்றப் பார்க்கும், தோற்கும். பிழைச் செய்தியோ வேறெதையோ பற்றிப் பேசும். தற்காலிக அடைவை வேறிடத்துக்கு மாற்றிச் சொல்வதே தீர்வு. சூடோவால் இங்கே ஒரு பயனும் இல்லை.

சூடோ உண்மையிலேயே கெடுக்கும் இடம் வேறு. ஜாவாஸ்கிரிப்ட் தொகுப்புகளை இறக்கும் என்பிஎம் கருவியால் ஒன்றை நிறுவும்போது ஒருமுறை மறுப்பு வருகிறது, சூடோ போடுகிறோம். அப்போது இறங்கும் கோப்புகளில் சில ரூட்டின் பெயரில் நம் வீட்டு அடைவுக்குள்ளேயே தங்கிவிடலாம். மறுநாள் சாதாரணமாக ஓட்டினால் நம் வீட்டிலேயே நமக்கு அனுமதி இல்லை, மறுபடி சூடோ. கந்துவட்டி போல ஒரு கடனை அடைக்க இன்னொரு கடன். 2018 பிப்ரவரியில் வந்த என்பிஎம் 5.7.0 பதிப்பில் இருந்த ஒரு பிழையால், சூடோவோடு ஓட்டியவர்களின் லினக்ஸ் கணினிகளில் முக்கியமான அமைப்பு அடைவுகளின் உடைமையாளரே மாறிப்போனார். கணினியையே மறுபடி நிறுவ வேண்டியதாயிற்று என்று பலர் புலம்பினார்கள். அவசரமாக 5.7.1 வந்தது.

சரியான மருந்து இரண்டு படி. ‘சிஎச்ஓன்’ கட்டளையால் அந்தக் கோப்புகளை நம் பெயருக்கே திரும்ப மாற்றுவது முதல் படி. என்பிஎம்மின் பொது நிறுவல் இடத்தை நம் வீட்டு அடைவுக்குள் மாற்றிக்கொள்வது அடுத்தது. அந்த அமைப்புக்குப் பெயரே பிரிஃபிக்ஸ்தான். பைத்தான்காரர்கள் திட்டத்துக்கொரு தனிச் சூழல் உருவாக்கிக்கொள்வதும், டாக்கரில் நம் பயனர் எண்ணைக் கொடுத்துக் கொள்கலனை ஓட்டுவதும் இதே குடும்பம். 1990களில் கணினி மையத்துக்காரரிடம் கெஞ்ச விருப்பமில்லாமல் மாணவர்கள் செய்த வேலை இன்று முறையான தீர்வாக ஆவணங்களில் ஏறியிருக்கிறது. கெஞ்ச ஆளே இல்லாத காலத்தில் நாம்தான் அதை மறந்துவிட்டோம்.

சாங்கி பக்கம் நிலைமை வேறு. அங்கே அலுவலக மடிக்கணினியில் சூடோவும் கிடைக்காது, விண்டோஸ் நிர்வாகி உரிமையும் கிடைக்காது. பவர்ஷெல் ஸ்கிரிப்ட் ஓட்டினால் இந்தக் கணினியில் ஸ்கிரிப்டுகளுக்குத் தடை என்று சிவப்பு எழுத்து வரும். சொந்தக் கணினி என்றால் ‘எக்ஸிகியூஷன் பாலிஸி’யை நம் கணக்குக்கு மட்டும் ‘ரிமோட்சைன்ட்’ என்று மாற்றிவிடலாம். அலுவலகக் கொள்கை மேலிருந்து பூட்டியிருந்தால் அதுவும் எடுபடாது. டிக்கெட் போட்டுவிட்டுக் காத்திருக்க வேண்டியதுதான். ஒப்பந்த ஊழியர்கள் திட்டித் தீர்ப்பது இதைத்தான், அவர்கள் எரிச்சல் எனக்குப் புரிகிறது.

ஆனால் அந்தப் பூட்டு காரணமில்லாமல் வரவில்லை. சிங்கப்பூர் நாணய ஆணையம் 2021 ஜனவரியில் திருத்தி வெளியிட்ட தொழில்நுட்ப இடர் வழிகாட்டி, முக்கியமான வேலையை ஒருவர் தனியாகச் செய்யக் கூடாது, பொறுப்புகள் பிரிந்திருக்க வேண்டும், தேவைக்கு மேல் உரிமை தரக் கூடாது என்று நிதி நிறுவனங்களுக்குச் சொல்கிறது. கடைசி விதி 1975இல் சால்ட்ஸரும் ஷ்ரோடரும் எழுதிய கட்டுரையிலேயே தெளிவாக இருக்கிறது. 2018இல் சிங்ஹெல்த் என்ற பொதுச் சுகாதாரக் குழுமத்தின் கணினிகளில் நடந்த ஊடுருவலில் 15 லட்சம் நோயாளிகளின் விவரங்கள் போயின, அப்போதைய பிரதமர் லீ சியன் லூங்கின் விவரங்களும் அதில் அடக்கம். நிர்வாகி உரிமை கொண்ட கணக்குகளின் பாதுகாப்புக் குறைகளை விசாரணைக் குழு சுட்டிக்காட்டியது. சிங்ஹெல்த்தின் கணினிப் பிரிவை நடத்திய நிறுவனத்துக்கு 750,000 வெள்ளியும் சிங்ஹெல்த்துக்கு 250,000 வெள்ளியும் அபராதம் விழுந்தன. அதற்குப் பிறகும் ஒரு வங்கி தன் நிரலாளர்களுக்கெல்லாம் ரூட் கொடுக்கும் என்று எதிர்பார்ப்பது நடக்காத காரியம்.

பெர்மிஷன் பிழையைக் கேள்வியாகப் படிக்கலாம் என்பது என் கட்சி. நீ யார், இந்தக் கோப்பு யாருடையது, எங்கே கிடக்கிறது என்று அது கேட்கிறது. ‘ஐடி’ என்று தட்டினால் முதல் கேள்விக்குப் பதில் வரும். ‘எல்எஸ்’ கட்டளையின் நீள வடிவம் இரண்டாவதற்கு, வெறும் ‘மவுன்ட்’ மூன்றாவதற்கு. மூன்றும் படிக்க மட்டுமே செய்யும், எதையும் மாற்றாது.

குழுத் தலைவர்களுக்கு ஒரு வேண்டுகோள். திருச்சியிலிருந்தோ கோவையிலிருந்தோ புதிதாக வந்து சேரும் பிள்ளை முதல் நாள் திறப்பது உங்கள் திட்டத்தின் ரீட்மீ கோப்பைத்தான். அதில் சூடோ என்று தொடங்கும் வரி எங்கெல்லாம் இருக்கிறது என்று தேடிப் பாருங்கள். அது இல்லாமல் பில்டு ஓடுகிறதா என்று ஒரு புதிய பயனர் கணக்கில் சோதித்துவிட்டு, தேவையில்லாத வரிகளை இந்த வாரமே எடுத்துவிடுங்கள்.