பிள்ளை பெற்றவளுக்கு ஓய்வு வேண்டும், சிறை வேண்டாம்!

எங்கள் பொம்மிடிப் பக்கம் சில வீடுகளில், பிரசவத்துக்குத் தாய்வீடு வந்த பெண்ணை இன்றைக்கும் குழந்தையோடு ஒரே அறையில் படுக்க வைத்துவிடுவார்கள். "பச்சை உடம்பு, காத்துக் கருப்பு பட்டுடும்" என்று ஜன்னலையும் சாத்திவிடுவார்கள். பத்தியச் சோறு வாசல்வரை வரும். பேச ஆள் வராது. என் மூத்தவன் பிறந்தபோது எனக்கும் அதே அறைதான். சேலம் போகிற ரயிலின் சத்தம்தான் கடிகாரம். வயிற்றுப் பசியைவிடப் பேச்சுப் பசிதான் பெரிதாக இருந்தது.

பெரியவர்கள் வைத்த 40 நாள் கணக்கில் நியாயம் இருக்கிறது. கருப்பை பழைய நிலைக்குத் திரும்பவே சுமார் 6 வாரம் ஆகிறது. ஆனால் மனசு? வெளிச்சமும் பேச்சும் இல்லாவிட்டால் பகல் எது, ராத்திரி எது என்றே குழம்பிப் போகும். தூக்கம் கெடும். சின்னக் கவலையும் பூதமாகத் தெரியும். குற்றவாளியைக்கூடத் தொடர்ந்து 15 நாளுக்கு மேல் தனிமைச் சிறையில் வைக்கக் கூடாது என்று 2015-ல் ஐக்கிய நாடுகள் சபை மண்டேலா பெயரில் விதி வகுத்தது. பிள்ளை பெற்றவள் என்ன குற்றம் செய்தாள்?

வேலூரை அடுத்த கணியம்பாடி வட்டாரக் கிராமங்களில் தாய்மார்களிடம் நடத்திய ஆய்வு 2002-ல் வெளியானது. பிரசவத்துக்குப் பின் 100-க்கு 11 பேருக்குப் புதிதாக மனச்சோர்வு கண்டிருந்தது. வறுமை, ஆண் பிள்ளையை எதிர்பார்த்த வீட்டில் பெண் பிறந்தது, மாமியாரோடும் பெற்றோரோடும் மனத்தாங்கல் ஆகியவற்றோடு, ஒத்தாசைக்கு ஆளில்லாததும் ஒரு காரணம்!

பிரசவமான மூன்று, நான்காம் நாளில் காரணமில்லாமல் அழுகை வருவது சகஜம். இரண்டு வாரத்துக்குள் தானே அடங்கிவிடும். அதற்கு மேலும் அழுகை, குழந்தை தூங்கினாலும் தனக்குத் தூக்கமின்மை, 'நான் நல்ல தாயில்லை' என்ற எண்ணம் நீடித்தால், "திமிர்", "காத்துச் சேட்டை" என்று ஒதுக்காமல் டாக்டரிடம் காட்டுங்கள். காதில் யாரோ பேசுவதாகச் சொன்னாலோ, தன்னையோ குழந்தையையோ ஏதாவது செய்துவிடுவேன் என்றாலோ, தனியே விடாமல் அப்போதே ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போங்கள்.

வீட்டில் செய்ய வேண்டியது அதிகமில்லை. ஜன்னலைத் திறந்து வையுங்கள். காலையில் சற்று நேரம் திண்ணையில் உட்கார வையுங்கள். குழந்தையை வாங்கிக்கொண்டு அவளைத் தூங்க விடுங்கள். கணவரும் வந்து பேசட்டும். தினமும் யாராவது பக்கத்தில் உட்கார்ந்து, "பாப்பா பால் குடிச்சுதா?" என்பதோடு, "நீ எப்படிம்மா இருக்கே?" என்றும் கேளுங்கள். யாரிடமும் சொல்ல முடியாத பெண்கள் 14416 என்ற அரசின் 'டெலி மானஸ்' எண்ணுக்குக் காசில்லாமல் பேசலாம்; தமிழிலேயே பேசலாம்.

பத்தியத்தில் பூண்டும் மிளகும் இருக்கட்டும். கூடவே நாலு வார்த்தை பேச்சும் இருக்கட்டும்!