கொல்லிமலை வேட்டைக் காட்சியும் காட்டுயிர் ஆவணப்படமும்: விளக்குபவரின் இடம்

கொல்லிமலைத் தலைவன் வல்வில் ஓரியைப் பாடும் வன்பரணரின் புறநானூற்று 152ஆம் பாடலில், ஓர் அம்பு யானை, புலி, மான், பன்றி, உடும்பு ஆகிய ஐந்தையும் தைத்துச் செல்கிறது. வில்லாண்மையைப் புகழும் உயர்வுநவிற்சி அது. எனினும் மலைக்காட்டிற்கு உரியனவாகப் புலவர் கருதிய விலங்குகளின் நிரல் அதில் உள்ளது. புலவர் காட்சிக்கு வெளியே நிற்கவுமில்லை. தம் கூட்டத்தாருடன் அவ்வேட்டுவனை எதிர்கொண்டு கண்டதைச் சொல்கிறார். காட்டினைக் கண்டவர்வழி அறியும் இம்முறையின் இன்றைய வடிவமாகக் காட்டுயிர் ஆவணப்படத்தில் திரையில் தோன்றி விளக்குபவரைக் கருதலாம். அவரது இருப்பின் பயனையும் இடரையும் சென்னையில் வேரூன்றிய இருவரின் பணிவாழ்வு காட்டுகிறது.

ரோமுலஸ் விட்டேக்கர் சென்னைப் பாம்புப் பண்ணையை நிறுவியவர். 1976இல் முதலைப் பண்ணை தோன்றவும், 1978இல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் உருவாகவும் காரணமானவர். 'சூப்பர்சைஸ் க்ராக்ஸ்' போன்ற படங்களில் அவரே தோன்றுகிறார். அவர் சொல்லைப் பார்வையாளர் நம்புவதற்கு அடிப்படை குரல்வளமன்று, பல்லாண்டுப் பழக்கம். ஆயினும் விலங்கினும் அதைக் கையாள்பவரின் துணிவே மனத்தில் தங்கிவிடக்கூடும். ஓரியின் அம்பை நினைவில் கொள்வோர் உடும்பை மறந்துவிடுவதில்லையா?

அதே பாம்புப் பண்ணையில் 13ஆம் வயதில் தொண்டராகச் சேர்ந்த சேகர் தத்தாத்ரி, கேமராவுக்குப் பின்னால் நிற்பதைத் தேர்ந்தவர். 'சைலன்ட் வேலி' (1991) முதலிய படங்களுக்குப் பின், தொலைக்காட்சியின் பெருந்திரள் பார்வையாளரை விட்டு, முடிவெடுக்கும் இடத்தில் இருப்போரை நோக்கித் திரும்பினார். இத்திருப்பமே அவர் பணிவாழ்வில் முதன்மையானது. கர்நாடகத்தின் குதிரேமுக இரும்புத்தாதுச் சுரங்கம் மழைக்காட்டையும் பத்ரா ஆற்றையும் சிதைத்ததை 2001இல் ஒரு குறும்படமாக்கினார். 2002இல் உச்ச நீதிமன்றம் சுரங்கத்தை நிறுத்த ஆணையிட்டது. 2005 இறுதியில் அது மூடப்பட்டது. படம் மட்டுமே இதைச் சாதித்ததென்பது மிகை; காட்டுயிர் ஆர்வலர் தொடுத்த வழக்கே அடித்தளம். ஆனால் மனுவில் எழுத்தாக இருந்த சேற்றைக் கண்முன் கொணர்ந்தது படம். அதற்குப் புகழ்பெற்ற முகம் எதுவும் தேவைப்படவில்லை.

எஞ்சுவது மொழிச் சிக்கல். இருவர் படங்களின் மூல விளக்கவுரையும் பெரும்பாலும் ஆங்கிலமே. கொல்லிமலையில் சாமை, தினை வகைகளைப் பேணிவரும் மலையாளிப் பழங்குடியினர் பேசுவது தமிழ். அவர்கள்முன் ஒரு படம் திரையிடப்படுமானால் 'உடும்பு' என்ற சொல்லுக்கு விளக்கம் வேண்டியிராது. 'மானிட்டர் லிசார்ட்' என்பதற்கே வேண்டியிருக்கும்.